வாக்குரிமை சட்டத்தில் இருந்தது, பெயர் எழுதும் ஏடு பதிவாளர் கையில் இருந்தது

கேள்வி இதுதான்: அமெரிக்கக் கறுப்பின மக்களுக்கு 1870ஆம் ஆண்டிலேயே அரசியல் சாசனத் திருத்தம் மூலம் வாக்குரிமை வந்துவிட்டதே, அப்புறம் 1965இல் எதற்கு இன்னொரு சட்டம்? செல்மா நகரத்துப் பாலத்தில் போலீஸ் அடித்ததால்தான் அந்தச் சட்டம் வந்ததா?

முதலில் 1870இன் பதினைந்தாவது திருத்தம் என்ன சொன்னது என்று பார்க்க வேண்டும். "எல்லாக் குடிமக்களுக்கும் வாக்கு உண்டு" என்று அது சொல்லவில்லை. இனம், நிறம், முன்பு அடிமையாக இருந்த நிலை ஆகியவற்றைக் காட்டி வாக்குரிமையை மறுக்கக் கூடாது என்று மட்டும் சொன்னது. இந்த மூன்றையும் வாயால் சொல்லாமல் வேறு எதைக் காட்டி மறுத்தாலும் சட்டத்துக்குள் நிற்கலாம் என்று தென் மாநிலங்கள் கண்டுபிடித்தன. அடுத்த எழுபது, எண்பது ஆண்டுகளின் கதை முழுக்க அந்த "வேறு எதை"யின் கதைதான்.

அதற்கு முன் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். அடிமை முறை தொடர்பாக வடக்கும் தெற்கும் மோதிய உள்நாட்டுப் போர் முடிந்த அடுத்த பத்தாண்டுகளில் கறுப்பின மக்கள் உண்மையாகவே வாக்களித்தார்கள், பதவிக்கும் வந்தார்கள். மிசிசிப்பி மாநிலத்திலிருந்து ஹைரம் ரெவல்ஸ் 1870இல் செனட்டுக்குப் போனார். பிளாஞ்ச் புரூஸ் 1875இல் போனார். அதனால் 1960களின் போராட்டத்தை, இல்லாத ஒன்றைப் புதிதாகக் கேட்டதாக எண்ணக் கூடாது. கையிலிருந்து பிடுங்கியதைத் திரும்பக் கேட்டார்கள்.

பிடுங்கியது எப்படி? போருக்குப் பின் அங்கே இருந்த மத்திய அரசின் படை 1877இல் தெற்கிலிருந்து விலகியது. முதலில் துப்பாக்கியும் சாட்டையும் வேலை செய்தன, பிறகு சட்டப் புத்தகம். 1890இல் மிசிசிப்பி புதிய மாநில அரசியல் சாசனம் எழுதியது. வாக்களிக்க வேண்டுமென்றால் ஆண்டுக்கு இரண்டு டாலர் தலைவரி கட்ட வேண்டும், மாநிலத்தில் இரண்டு ஆண்டு குடியிருந்திருக்க வேண்டும், சாசனத்தின் ஒரு பிரிவைப் படிக்கவோ, படித்துக் காட்டினால் புரிந்து விளக்கவோ தெரிய வேண்டும். "கறுப்பர்" என்ற சொல் எங்கும் கிடையாது. மற்ற மாநிலங்கள் ஒன்றன்பின் ஒன்றாக இதைப் பார்த்து எழுதின. லூசியானா 1898இல் இன்னொன்றைச் சேர்த்தது: 1867 ஜனவரி 1க்கு முன் வாக்களிக்கும் உரிமை பெற்றிருந்தவருக்கும், அவர் மகனுக்கும், பேரனுக்கும் தேர்வு வேண்டாம். அந்தத் தேதியில் லூசியானாவில் கறுப்பினத் தாத்தா யாருக்கும் வாக்கு இல்லை. எழுத்தறியாத வெள்ளையருக்கு மட்டும் கதவைத் திறந்துவிட்ட இது போன்ற "தாத்தா பிரிவு" செல்லாது என்று உச்ச நீதிமன்றம் 1915இல்தான், ஓக்லஹோமா மாநில வழக்கில், தீர்ப்புச் சொன்னது. அதற்குள் காரியம் முடிந்திருந்தது. லூசியானாவில் 1896இல் பதிவு பெற்றிருந்த கறுப்பின வாக்காளர்கள் 1,30,334 பேர். 1904இல் 1,342 பேர்.

இந்த ஒரு லட்சத்துச் சொச்சம் பேர் எட்டே ஆண்டுகளில் எங்கே போனார்கள் என்பதற்குப் பதில் ஒரு மேஜையில் இருக்கிறது. அன்றைய அமெரிக்காவில் வாக்களிக்க வேண்டுமென்றால் நாமே போய்ப் பெயரைப் பதிவு செய்துகொள்ள வேண்டியிருந்தது. நம்மூரில் போல வீட்டுக்கு ஆள் வந்து கணக்கெடுக்கும் ஏற்பாடு அங்கே இல்லை. தெற்கில் அந்தப் பதிவு கவுன்டித் தலைநகரின் கோர்ட் கட்டடத்தில் நடக்கும். கவுன்டி என்றால் ஏறக்குறைய நம் வட்டம் மாதிரி ஒரு நிர்வாகப் பிரிவு. மேஜைக்குப் பின்னால் உட்கார்ந்திருக்கும் பதிவாளர் வைத்ததுதான் சட்டம்.

மிசிசிப்பி சாசனத்தில் 285 பிரிவுகள். எந்தப் பிரிவைக் கொடுப்பது என்று முடிவு செய்பவர் பதிவாளர். விளக்கம் சரியா என்று தீர்ப்புச் சொல்பவரும் அவரே. டாக்டர் பட்டம் பெற்ற பேராசிரியர்கள் தேறவில்லை என்று திருப்பி அனுப்பப்பட்டிருக்கிறார்கள். லூசியானாவில் ஒரு வெள்ளையரிடம் சாசனப் பிரிவுக்கு விளக்கம் கேட்டபோது "பேச்சுச் சுதந்திரம்" என்று எழுத முயன்று, ஒரு சொல்லைக்கூடப் பிழையில்லாமல் எழுத முடியாமல் மூன்று சொற்களைக் கிறுக்கிக் கொடுத்தார். அவர் தேறிவிட்டார். இதை உச்ச நீதிமன்றமே பின்னாளில் தன் தீர்ப்பில் எடுத்துக் காட்டியது. எழுத்தறிவுத் தேர்வு என்ற பெயரில் அங்கே நடந்தது என்ன என்பதற்கு இதைவிடப் பெரிய சாட்சி வேண்டியதில்லை.

தேர்வைக்கூடச் சமாளிக்கலாம். 1962இல் மிசிசிப்பி கொண்டுவந்த இன்னொரு சட்டம்தான் எனக்கு எப்போதும் நெஞ்சை அடைப்பது. பதிவுக்கு மனுப் போட்டவர்களின் பெயரை உள்ளூர்ப் பத்திரிகையில் இரண்டு வாரம் வெளியிட வேண்டும் என்றது அது. பார்வைக்கு ஏதோ வெளிப்படையான நிர்வாகம் போலத் தெரியும். ஆனால் அந்தப் பத்திரிகையைப் படிப்பவர் யார்? பண்ணையார் படிப்பார். வீட்டுக்காரர் படிப்பார். கடன் கொடுத்த வங்கிக்காரர் படிப்பார். இரவில் முகமூடி போட்டுக்கொண்டு வருகிறவனும் படிப்பான். மேஜையில் தோற்றவனுக்கும் தண்டனை உண்டு என்பதுதான் அதன் பொருள்.

தண்டனை உயிராகவும் இருந்தது. 1955 மே மாதம் பெல்ஸோனி ஊரில் பாதிரியார் ஜார்ஜ் லீ காரில் போகும்போது சுடப்பட்டு இறந்தார். தன் மக்களைப் பதிவு செய்யத் தூண்டியதுதான் அவர் செய்த குற்றம். அதே ஆண்டு ஆகஸ்டில் புரூக்ஹேவன் ஊரில், லமார் ஸ்மித் என்ற அறுபதைத் தாண்டிய விவசாயி கோர்ட் கட்டடத்துப் புல்வெளியில், பட்டப்பகலில், ஆட்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே சுடப்பட்டார். யாருக்கும் தண்டனை இல்லை. 1961இல் ஹெர்பர்ட் லீ என்பவரைச் சுட்டவர் மாநிலச் சட்டமன்ற உறுப்பினர். தற்காப்புக்காகச் சுட்டேன் என்றார், விடப்பட்டார். அது பொய் என்று சொல்ல முன்வந்த சாட்சி லூயிஸ் ஆலன் 1964 ஜனவரியில் தன் வீட்டு வாசலருகே கொல்லப்பட்டார்.

இவ்வளவுக்கும் நடுவில் மக்கள் மேஜையை நோக்கி நடந்தார்கள் என்பதைத்தான் நாம் கவனிக்க வேண்டும். அந்த நடை பள்ளிக்கூடத்திலிருந்து தொடங்கியது. தென் கரோலினாவின் கரையோரத்தில் ஜான்ஸ் தீவு. அங்கே ஈசா ஜென்கின்ஸ் என்பவர் பேருந்து ஓட்டி ஆட்களைச் சார்ல்ஸ்டன் நகரத்துக்கு வேலைக்குக் கூட்டிப் போவார். பயணிகளில் ஒரு பெண், சாசனத்தைப் படிக்கக் கற்றுக்கொடுத்தால் பதிவு செய்துகொள்வேன் என்று கேட்டார். ஓடும் வண்டியில் தொடங்கிய பாடம் 1957இல் ஒரு கடையின் பின்னறையில் இரவுப் பள்ளி ஆனது. சொல்லிக்கொடுத்தவர் பெர்னிஸ் ராபின்சன், தொழிலால் அழகுநிலையம் நடத்துபவர். ஆசிரியரை வேண்டாம் என்று வேண்டுமென்றே தவிர்த்தார்கள். ஆசிரியர் என்றால் பெரியவர்கள் கூச்சப்படுவார்கள். அறுபது வயதுக்காரர்கள் முதலில் தங்கள் பெயரை எழுதக் கற்றார்கள், பிறகு அஞ்சலகப் படிவம், பிறகு சாசனம். இந்த முறையை வகுத்தவர் செப்டிமா கிளார்க். கறுப்பின உரிமைக்கான சங்கத்தில் உறுப்பினராக இருந்ததற்காகச் சார்ல்ஸ்டன் பள்ளி நிர்வாகத்தால் வேலை நீக்கப்பட்ட ஆசிரியை. தெற்கு முழுவதும் பரவிய "குடியுரிமைப் பள்ளிகள்" இப்படிப் பிறந்தவை. மார்ட்டின் லூதர் கிங் பெயர் தெரிந்த நூறு பேரில் ஒருவருக்காவது செப்டிமா கிளார்க் பெயர் தெரியுமா என்பது சந்தேகம். அது பெரிய அநியாயம்.

மேஜைக்குப் போனவர்களில் ஒருவரைப் பற்றி விரிவாகச் சொல்ல ஆசை. ஃபேனி லூ ஹேமர். பண்ணையாருக்கு விளைச்சலில் பங்கு கொடுத்து, வாரத்துக்குப் பருத்தி பயிரிட்ட குடும்பத்தில் இருபதாவது பிள்ளை. ரூல்வில் ஊருக்குப் பக்கத்தில் ஒரு பண்ணையில் பதினெட்டு வருடம் உழைத்து, கணக்குப் பார்க்கும் பொறுப்பு வரை வந்தவர். கறுப்பினத்தவருக்கு வாக்களிக்கும் உரிமை உண்டு என்பதே 1962இல் தேவாலயக் கூட்டத்தில் மாணவ இயக்கத்துப் பிள்ளைகள் சொல்லித்தான் அவருக்குத் தெரிந்தது. அப்போது வயது நாற்பத்து நான்கு. ஆகஸ்ட் 31 அன்று பதினெட்டுப் பேர் ஒரு பழைய பேருந்தில் இண்டியனோலா கோர்ட்டுக்குப் போனார்கள். ஹேமருக்கு வந்த பிரிவு, சட்டத்தில் எழுதப்படாமல் நடைமுறையில் இருக்கும் விதிகளைப் பற்றியது. அப்படியே பார்த்து எழுதிவிட்டார், விளக்கத் தெரியவில்லை. தேறவில்லை. திரும்பும் வழியில் பேருந்தை மறித்தார்கள். வண்டியின் மஞ்சள் நிறம் பள்ளிப் பேருந்து போல இருக்கிறதாம், அபராதம். எல்லோரும் கையிலிருந்ததைப் போட்டுக் கட்டினார்கள். பயந்துபோயிருந்த கூட்டத்தில் ஹேமர் பாடத் தொடங்கினார் என்று உடன் போனவர்கள் சொல்லியிருக்கிறார்கள்.

வீடு வந்து சேர்வதற்குள் செய்தி பண்ணைக்கு வந்துவிட்டது. மனுவைத் திரும்பப் பெறு, இல்லையென்றால் இடத்தைக் காலி செய் என்றார் பண்ணையார். "உங்களுக்காக நான் பதிவு செய்யப் போகவில்லை, எனக்காகப் போனேன்" என்று பதில் சொல்லிவிட்டு அன்றிரவே வெளியேறினார். அடுத்த சில நாட்களில் அவர் தங்கியிருந்த வீட்டின் மேல் துப்பாக்கிச் சூடு நடந்தது. படித்துப் படித்து மறுபடி போனார், 1963 ஜனவரியில் தேறினார். தேறியபின் வாக்களிக்கப் போனால், இரண்டு ஆண்டு தலைவரி ரசீது எங்கே என்றார்கள். அந்த ஜூன் மாதம் பயிற்சிக்குப் போய்த் திரும்பும் வழியில் வினோனா ஊர்ச் சிறையில் அடைத்து அடித்த அடியில் சிறுநீரகமும் ஒரு கண்ணும் கெட்டன. கடைசிவரை அந்த உடம்போடுதான் ஊர் ஊராகப் போனார்.

தனி ஒருவர் மேல் மட்டும் கை வைத்தார்கள் என்று நினைக்க வேண்டாம். கிரீன்வுட் நகரம் இருக்கும் லெஃப்ளோர் கவுன்டியில் பதிவு வேலை சூடு பிடித்ததும், 1962 குளிர்காலத்தில் மத்திய அரசு தரும் இலவச உணவுப் பொருள் வழங்கலைக் கவுன்டி நிர்வாகம் நிறுத்தியது. பருத்தி வேலை இல்லாத மாதங்களில் இருபதாயிரத்துக்கும் மேற்பட்டோர் அந்த மாவையும் அரிசியையும் நம்பி இருந்தார்கள். வடக்கிலிருந்து லாரியில் வந்த சாப்பாட்டை வாங்க வரிசையில் நின்றவர்கள், அப்படியே கோர்ட்டு வரிசையிலும் வந்து நின்றார்கள். பட்டினி போட்டு அடக்க நினைத்தவர்கள் எதிர்பார்க்காத திருப்பம் இது.

1964 கோடையில் ஏறக்குறைய ஆயிரம் தொண்டர்கள், பெரும்பாலும் வடக்கத்திய வெள்ளை மாணவர்கள், மிசிசிப்பிக்கு வந்தார்கள். வந்த புதிதிலேயே, ஜூன் 21 அன்று, ஜேம்ஸ் சேனி, ஆண்ட்ரூ குட்மன், மைக்கேல் ஷ்வெர்னர் மூவரும் காணாமல் போனார்கள். நாற்பத்து நான்கு நாள் கழித்து ஒரு மண் அணைக்குள் புதைந்த உடல்கள் கிடைத்தன. அந்தக் கோடையில் சுமார் 17,000 பேர் பதிவு செய்ய முயன்றார்கள். ஏற்கப்பட்டவர்கள் சுமார் 1,600 பேர்.

ஆகஸ்டில் ஜனநாயகக் கட்சியின் தேசிய மாநாடு அட்லாண்டிக் சிட்டியில். வெள்ளையர் மட்டுமே உள்ள மிசிசிப்பிக் குழுவுக்குப் பதிலாகத் தங்களை உட்கார வைக்க வேண்டும் என்று ஹேமரும் தோழர்களும் தனிக்குழுவாகப் போனார்கள். தொலைக்காட்சிக் கேமரா முன் ஹேமர் தன் கதையைச் சொல்லத் தொடங்கியதும், அதிபர் ஜான்சன் அவசரமாக ஒரு பத்திரிகையாளர் சந்திப்பைக் கூட்டி ஒளிபரப்பைத் திருப்பினார். ஆனால் மாலைச் செய்தியில் ஹேமரின் பேச்சு நாடு முழுக்கப் போயிற்று. சமரசமாக இரண்டு இடம் தருகிறோம் என்றார்கள். இரண்டு இடத்துக்காக இவ்வளவு தூரம் வரவில்லை என்று மறுத்துவிட்டார்கள். வாக்குரிமைச் சட்டத்தில் கையெழுத்துப் போட்டவரும் இதே ஜான்சன்தான். அவரைப் புகழ்கிறவர்களும் இகழ்கிறவர்களும் இந்த இரண்டையும் சேர்த்தே பார்க்க வேண்டும்.

இனி செல்மா. அலபாமாவின் டல்லஸ் கவுன்டியில் வாக்களிக்கும் வயதுடைய கறுப்பின மக்கள் ஏறத்தாழ 15,000 பேர். மத்திய அரசு வழக்குப் போட்டு நான்கு ஆண்டு நடத்தியதன் பலன், பதிவு பெற்றோர் 156இலிருந்து 383 ஆனதுதான். பதிவு அலுவலகம் மாதத்தில் இரண்டே நாள் திறக்கும். கோர்ட் போட்டு வாங்கும் வழி ஏன் போதவில்லை என்பதற்கு இந்தக் கணக்கே பதில்: ஒரு தடையை நீதிபதி நீக்கினால் மாநிலம் அடுத்ததை எழுதும், வழக்கு முதலிலிருந்து தொடங்கும்.

அமீலியா பாய்ன்டன் என்ற பெண்மணி 1930களிலிருந்து அந்த ஊரில் பதிவு வேலை செய்துவந்தார். கிங் 1965 ஜனவரியில் அங்கே வந்தது அவரும் ஊர்க்காரர்களும் அழைத்ததால். ஜனவரி 22 அன்று நூற்றுக்கும் மேற்பட்ட கறுப்பின ஆசிரியர்கள் கோர்ட் கட்டடத்துக்கு ஊர்வலமாகப் போனார்கள். வேலை போகும் என்று தெரிந்தே போனார்கள். சிறைக்குத் தயார் என்று காட்டப் பல் துலக்கும் பிரஷ்ஷைக் கையில் எடுத்துப் போனவர்கள் உண்டு. ஆசிரியர் என்றாலே அடங்கிப் போகிறவர் என்று நினைத்திருந்த அந்த ஊர் பிள்ளைகளுக்கு அன்று வாத்தியார்கள் வேறு ஆளாகத் தெரிந்திருப்பார்கள். பிப்ரவரியில் கைதான கிங், வாக்காளர் பட்டியலில் இருப்பதைவிட அதிகமான கறுப்பினத்தவர் என்னோடு சிறையில் இருக்கிறார்கள் என்று எழுதினார்.

பக்கத்து ஊர் மேரியனில் பிப்ரவரி 18 இரவு நடந்த ஊர்வலத்தில் மாநிலப் போலீஸ் புகுந்து அடித்தது. தாயையும் தாத்தாவையும் காக்கப் போன ஜிம்மி லீ ஜாக்சன் வயிற்றில் சுடப்பட்டு எட்டு நாளில் இறந்தார். வயது 26. பலமுறை பதிவு செய்ய முயன்று முடியாமல் போனவர். அந்தச் சாவுக்கு நியாயம் கேட்டு மாநிலத் தலைநகர் மான்ட்கமரிவரை 54 மைல் நடப்பது என்ற எண்ணம் அந்தத் துக்கத்தில்தான் எழுந்தது. பாலத்தைத் தெரிந்தவர்கள் ஜாக்சனையும் தெரிந்துகொள்ள வேண்டும் என்பதற்காகச் சொல்கிறேன்.

மார்ச் 7, ஞாயிற்றுக்கிழமை. ஜான் லூயிஸ், ஹோசியா வில்லியம்ஸ் முன்னால் நடக்க, சுமார் 600 பேர் எட்மண்ட் பெட்டஸ் பாலம் ஏறினார்கள். பாலத்துக்கு வைத்திருப்பது, அடிமை முறைக்காகப் போரிட்ட ஒரு தளபதியின் பெயர். அந்தப் பக்கம் மாநிலப் போலீஸும், கவுன்டியின் காவல் தலைவரான ஷெரிஃப் ஜிம் கிளார்க்கின் குதிரைப் படையும் நின்றன. தடியும் கண்ணீர்ப் புகையும். லூயிஸ் மண்டை உடைந்தது. அமீலியா பாய்ன்டன் நினைவிழந்து கிடந்த படம் உலகப் பத்திரிகைகளில் வந்தது. அன்றிரவு ஒரு தொலைக்காட்சி நிறுவனம், நாஜிக்கள் மீதான விசாரணை பற்றிய திரைப்படத்தை நிறுத்திவிட்டு இந்தக் காட்சிகளைக் காட்டியது. எட்டு நாளில் ஜான்சன் நாடாளுமன்றத்தில் நின்று வாக்குரிமைச் சட்டம் கேட்டார்.

ஆக, பாலம் சட்டத்தை விரைவாக்கியது, சந்தேகமில்லை. ஆனால் சட்டத்தின் உள்ளே இருக்கும் ஒவ்வொரு பிரிவும் மேஜையில் கற்ற பாடம். 1965 ஆகஸ்ட் 6 அன்று கையெழுத்தான அந்தச் சட்டத்தைப் படித்தால் இது தெரியும். 1964இல் தேர்வு வைத்திருந்து, பாதிப் பேர்கூடப் பதிவோ வாக்களிப்போ செய்யாத இடங்களில் தேர்வு உடனே நிறுத்தம். பதிவாளர் மறுத்தால் மத்திய அரசின் அதிகாரியே மேஜை போட்டு உட்கார்ந்து பெயர் எழுதிக்கொள்வார். இதற்கெல்லாம் மேலே ஐந்தாவது பிரிவு: அந்த இடங்களில் தேர்தல் விதி எதை மாற்றினாலும், மாற்றத்தால் பாகுபாடு இல்லை என்று மத்திய அரசிடமோ வாஷிங்டன் நீதிமன்றத்திடமோ முன்கூட்டியே நிரூபித்து அனுமதி வாங்க வேண்டும். மாநிலம் புது விதி எழுதும், பாதிக்கப்பட்டவன் ஆண்டுக்கணக்கில் வழக்காடுவான் என்ற பழைய ஓட்டம் அங்கே தலைகீழானது. 1957இல் டஸ்கீகி நகர எல்லையைச் சதுரத்திலிருந்து 28 பக்க உருவமாக வெட்டி, சுமார் 400 கறுப்பின வாக்காளர்களில் நாலைந்து பேரைத் தவிர மற்றவர்களை ஊருக்கு வெளியே தள்ளிய வேலை இனி அனுமதியில்லாமல் நடக்காது.

பலன் கண்கூடு. மிசிசிப்பியில் பதிவு பெற்ற கறுப்பினத்தவர் 1964இல் 6.7 சதவீதம்; 1967இல் 59.8 சதவீதம். 1966 மே மாத உட்கட்சித் தேர்தலில் செல்மாவின் புதிய வாக்காளர்கள் ஷெரிஃப் ஜிம் கிளார்க்கைத் தோற்கடித்தார்கள். பக்கத்து லவுண்டஸ் கவுன்டியில் ஐந்தில் நான்கு பேர் கறுப்பினத்தவர், 1965 தொடக்கத்தில் பதிவு பெற்றவர் ஒருவர்கூட இல்லை. அங்கே பெயர் பதிந்ததற்காகப் பண்ணைகளிலிருந்து துரத்தப்பட்ட குடும்பங்கள் நெடுஞ்சாலை ஓரத்தில் கூடாரம் போட்டு வாழ்ந்தன. அவர்களே தனிக்கட்சி கட்டினார்கள். எழுதப் படிக்கத் தெரியாதவர்களுக்காக அலபாமாவில் கட்சிக்கு ஒரு சின்னம் வேண்டும். அவர்கள் கருஞ்சிறுத்தையை எடுத்தார்கள். சின்னம் பார்த்து வாக்களிக்கும் நமக்கு இது சட்டென்று புரியும். பின்னாளில் கலிஃபோர்னியாவில் தொடங்கிய கட்சியின் பெயரும் இந்தச் சின்னத்திலிருந்து வந்ததுதான்.

கொலை நிற்கவில்லை. ஹாட்டிஸ்பர்க் பக்கத்தில் கடை வைத்திருந்த வெர்னன் டாமர், தலைவரியைத் தன் கடையிலேயே கட்டலாம், பணம் இல்லாதவருக்கு நானே கட்டுகிறேன் என்று வானொலியில் சொன்னார். 1966 ஜனவரி 10 விடிவதற்கு முன் அவர் வீட்டுக்குத் தீ வைத்தார்கள். குடும்பம் பின்பக்கமாகத் தப்ப, அவர் முன்னால் நின்று சுட்டுத் தடுத்தார். நுரையீரல் வெந்து அன்றே இறந்தார். அவருடைய மகன்களில் நால்வர் அப்போது அமெரிக்க ராணுவத்தில் இருந்தார்கள்.

2013 ஜூன் 25 அன்று, அலபாமாவின் ஷெல்பி கவுன்டி போட்ட வழக்கில், எந்த இடங்களுக்கு முன் அனுமதி தேவை என்று சொல்லும் பட்டியல் முறை பழையதாகிவிட்டது என்று உச்ச நீதிமன்றம் ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் ரத்து செய்தது. பட்டியல் போனதால் ஐந்தாவது பிரிவு ஏட்டில் மட்டும் நிற்கிறது. நனையவில்லை என்பதற்காக மழைக்கு நடுவில் குடையை எறிவது போல என்று நீதிபதி ரூத் பேடர் கின்ஸ்பர்க் மாறுபட்ட தீர்ப்பில் எழுதினார். தீர்ப்பு வந்த அன்றே, முன்பு அனுமதி மறுக்கப்பட்ட அடையாள அட்டைச் சட்டத்தை அமல் செய்வதாக டெக்சஸ் அறிவித்தது.

அதன் பிறகு என்ன ஆகும் என்பதை அலபாமாவிலேயே பார்த்தோம். 2021இல் மாநிலம் வரைந்த நாடாளுமன்றத் தொகுதி வரைபடம் கறுப்பின வாக்கைச் சிதறடிக்கிறது என்று ஊர்க்காரர்கள் வழக்குப் போட்டார்கள். கீழ் நீதிமன்றம் ஒப்புக்கொண்டது, உச்ச நீதிமன்றம் அந்த ஆணையை நிறுத்தி வைத்தது, 2022 தேர்தல் அதே வரைபடத்தில் நடந்து முடிந்தது. 2023 ஜூனில் வழக்குப் போட்டவர்கள் ஜெயித்தார்கள். 2022இல் அந்த வரைபடத்தில் வென்றவர்கள் அப்போது பதவிக்கு வந்து ஐந்து மாதம் ஆகியிருந்தது. மிச்ச பதவிக்காலத்தையும் அவர்களே முடித்தார்கள்.